கண்ணை மூடிக்கொண்டு ஓகே சொன்னவள்

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவியில் ஒரு படம் ஓடிக்கொண்டிருந்தது. கடைசிக் கட்டம். கதாநாயகனின் தம்பி ரயில் நிலையத்து பெஞ்சில் சாய்ந்து கிடக்கிறான், உயிர் போய்க்கொண்டிருக்கிறது. கேமராம்மாவின் வீட்டுக்காரர் தோளில் கிடந்த துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கேமராம்மா நாற்காலியின் நுனிக்கு வந்து திரையை உற்றுப் பார்த்தாள்.

"இந்தப் பையன் எதுக்குங்க சாகறான்?" என்று கேட்டாள்.

அவர் துண்டை இறக்கினார். "இந்தப் படத்துக்கு கேமரா நீதானே?"

"நான்தான். பெஞ்சுக்குப் பின்னாடி தெரியுது பாருங்க வெளிச்சம், அதுக்கு மூணு நாள் காத்துக் கிடந்தோம். ஆனா இவன் ஏன் சாகறான்?"

வேடிக்கைக்குக் கேட்கவில்லை. நிஜமாகவே அவளுக்குத் தெரியாது. இருபத்திரண்டு வருஷத்தில் முப்பத்தொரு படம். எந்தப் படத்தில் எந்த ஜன்னல் வழியாக எத்தனை மணி வெயில் வந்தது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வாள். கதையைக் கேட்டால் முழிப்பாள். கேமராவில் கண்ணை வைத்த மாத்திரத்தில் அவளுக்குக் காது அடைத்துவிடும். நடிகர்கள் வாயசைப்பது தெரியும், என்ன பேசுகிறார்கள் என்பது தெரியாது. யார் எப்போது எழுந்திருப்பார், எந்தப் பக்கம் திரும்புவார் என்பது மட்டும் அத்துப்படி. கேமராக்காரர்களில் பாதிப்பேர் இப்படித்தான். சொன்னால் கோபித்துக்கொள்வார்கள், கோபித்துக்கொள்ளட்டும்.

வீட்டிலும் இதே கதை. வீட்டுக்காரர் ஓர் அச்சகத்தில் பிழை திருத்துகிறவர். சாயங்காலம் வந்து அன்றைக்கு நடந்ததை ஆதியோடந்தமாகச் சொல்வார். அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள்.

"கேக்கறியா?"

"ம்."

"என்ன சொன்னேன்?"

"உங்க இடது கண்ணு கொஞ்சம் சின்னதுங்க. வெளிச்சம் இந்தப் பக்கத்துலேருந்து வந்தா சரியாயிடும்."

ஊரில் உள்ள பிழையெல்லாம் திருத்துகிற மனுஷருக்கு வீட்டில் இருந்த ஒன்றைத் திருத்த முடியவில்லை. அதனோடு குடும்பம் நடத்தப் பழகிக்கொண்டார். கேமராம்மா இன்றைக்கும் சொல்வாள், வேறு யாராவதாக இருந்தால் என்னை என்றைக்கோ கை கழுவியிருப்பார்கள் என்று.

அவளிடம் ஒரு நல்ல குணம் உண்டு, ஏறி வந்த ஏணியை உதைக்கமாட்டாள். அண்ணன் வைத்திருந்த போட்டோ ஸ்டூடியோவில், "மோவாயைக் கொஞ்சம் இறக்குங்க, சிரிக்க வேணாம்" என்று பாஸ்போர்ட் படம் எடுத்துத்தான் ஆரம்பித்தாள். அங்கிருந்து சினிமாவுக்கு வந்தபோது, பெண்பிள்ளை கேமராவைத் தூக்குவாளா என்று வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தவர்கள் நிறையப் பேர். சிரித்தவர்களை மறந்துவிட்டாள். முதல் நாள் ஒன்றும் பேசாமல் ஏணியின் அடியைப் பிடித்துக்கொண்ட லைட்மேன் ஒருவர் இருந்தார். அவரை மறக்கவில்லை. அவருக்கு முழங்கால் போன பிறகும் தன் படங்களுக்கு அவரைக் கூப்பிட்டு, உட்கார்ந்து பார்க்கிற வேலையாகப் பார்த்துக் கொடுத்தாள்.

ஆனால் அவளுடைய நன்றிப் பட்டியலில் பல வருஷம் சேராமல் இருந்த ஆள் ஒருவர் உண்டு. ஒலிப்பதிவாளர். கூப்பிடு தூரத்துக்கு அப்பால் ஒரு தண்ணீர்க் குழாய் சொட்டினாலும், "ஒன் மோர்" என்று கையைத் தூக்கிவிடுவார். அதனால் யூனிட்டில் அவருக்குப் பாம்புக்காது என்று பெயர்.

படப்பிடிப்பில் கேமராவும் சவுண்டும் எலியும் பூனையும். மைக்கை நடிகர் வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோக வேண்டும் என்பது சவுண்டின் கவலை. நீளக் கழியின் நுனியில் தொங்குகிற அந்த மைக் படத்துக்குள் தலைகாட்டக் கூடாது என்பது கேமராவின் கவலை. புகை பரவ மின்விசிறி ஓட வேண்டும் என்பாள் இவள். அது ஃபேன் ஓடுகிற சத்தமா பேய் ஓடுகிற சத்தமா என்பார் அவர். கடைசியில் கேமராம்மா ஒரே போடாகப் போடுவாள்: "டப்பிங்ல பாத்துக்கலாம்." அதாவது, நீ இங்கே பதிவு செய்ததைத் தூக்கிப் போட்டுவிட்டு, பின்னால் ஸ்டூடியோவில் நடிகரை நிறுத்திப் பேசவைத்து ஒட்டிக்கொள்கிறோம் என்று அர்த்தம். சமைத்து வைத்தவரிடம், நான் வெளியே சாப்பிட்டுக்கொள்கிறேன் என்பதற்கு இது சமம். ஒன்பது படம் சேர்ந்து வேலை செய்தும் இருவரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டது கிடையாது. அவர் "கேமரா" என்பார், அவள் "சவுண்டு" என்பாள்.

இப்படிப்பட்டவளுக்கு நாற்பத்தைந்தாவது வயதில் டைரக்டர் ஆகவேண்டும் என்று தோன்றியது. காரணம் அவளுடைய அக்கா.

அக்கா தபால் ஆபீஸில் வேலை பார்க்கிறவள். அப்பா படுக்கையில் விழுந்த பதினோரு வருஷமும் அவரை வைத்துப் பார்த்துக்கொண்டது அவள்தான். அண்ணனுக்குக் கடை, தங்கைக்கு ஷூட்டிங். அப்பா போனபிறகு வாடகை வீட்டைக் காலி செய்ய மூன்று பேரும் கூடினார்கள். யாருக்கு எந்தச் சாமான் என்று பிரித்துக்கொண்டிருந்தபோது அண்ணன் அக்காவிடம், உனக்கு என்ன வேணும் என்று கேட்டார். அக்கா சொன்னாள்: "எனக்கு ஒண்ணும் வேணாம். அந்தக் கட்டிலை மட்டும் யாராவது கொண்டு போயிடுங்க. அது இருக்கற வரைக்கும் எனக்கு ரெண்டு மணிக்கு முழிப்பு வந்துடும். எழுந்து போய்ப் போர்வையைச் சரி பண்ணணும்னு கை வருது. ஆள் இல்லேன்னு கைக்குத் தெரியல."

ஜன்னல் ஓரமாக நின்று அக்கா அதைச் சொன்னாள். காலை வெயில் அவள் ஒரு பக்கக் கன்னத்தில் விழுந்தது. கண் நிறைந்து நின்றது, வழியவில்லை. ஒன்பது வருஷமாகக் கேமராம்மாவின் கண்ணுக்குள் அந்தப் படம் அப்படியே இருந்தது. முப்பத்தொரு படத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை அவளால் கொண்டுவர முடியவில்லை. ஒரு நாள் உட்கார்ந்து, மூன்று பேர் ஒரு வீட்டைக் காலி செய்கிற ஒரு நாள் கதை என்று எழுத ஆரம்பித்தாள். மற்ற இடமெல்லாம் அடித்து அடித்து எழுதினாள், வீட்டுக்காரர் வேறு சிவப்பு மசியால் குத்திக் குதறினார். அந்தக் கட்டில் வசனம் மட்டும் ஒரே மூச்சில் வந்தது, ஒரு எழுத்து மாற்றவில்லை.

இதைப் படமாக எடுக்கலாமா என்று அக்காவிடம் போய்க் கேட்டாள்.

"எடுத்துக்கோ. ஆனா என்னை அழுமூஞ்சியா ஆக்கிடாதே. பாக்கறவங்க ஐயோ பாவம்னு சொன்னா எனக்குப் பிடிக்காது."

"சத்தியமா ஆக்கமாட்டேன்க்கா. எழுதினதைப் படிச்சுப் பாக்கறியா?"

"காகிதம் வேணாம். ஆபீஸ்ல பாத்த காகிதமே போதும். படமா பாக்கறேன்."

தயாரிப்பாளர் இரும்புக்கடை வைத்து மேலே வந்தவர். நல்ல மனுஷர், ஆனால் அவருக்கு ஒரு கொள்கை இருந்தது: ஜனங்கள் மூஞ்சியைப் பார்க்கத்தான் கொட்டகைக்கு வருகிறார்கள். கதையைக் கேட்டுக் கைக்குட்டையை நனைத்துக்கொண்டார். பிறகு சொன்னார்: "பத்து நாள் எடுங்கம்மா. எடுத்த வரைக்கும் வெட்டி ஒட்டிக் காட்டுங்க. எனக்குப் பிடிச்சா மேல போவோம். இல்லேன்னா கதையை நான் விடமாட்டேன், வேற டைரக்டரை வெச்சு முடிச்சுக்கறேன். நீங்க வழக்கம்போல கேமராவைப் பாத்துக்கங்க."

அவர் மனதில் வைத்திருந்த வேற டைரக்டர் யார் என்று எல்லோருக்கும் தெரியும். அவர் படத்தில் டைட்டில் போடும்போதே யாராவது விசும்ப ஆரம்பித்துவிடுவார்கள். கதை அவர் கைக்குப் போனால் அக்கா முதல் காட்சியிலிருந்து கடைசிக் காட்சி வரை மூக்கைச் சிந்திக்கொண்டு நிற்பாள். கொடுத்த வாக்கு காற்றில் போகும். அப்படியும் கேமராம்மா கையெழுத்துப் போட்டாள்.

அவளிடம் எட்டு வருஷம் உதவியாளராக இருந்தவன் இந்தப் படத்துக்குக் கேமராமேன். அடர்ந்த தாடி, அதனால் தாடி என்றே பெயர். அக்கா வேஷத்துக்கு மேடை நாடகத்தில் முப்பது வருஷம் பேசிப் பழகிய ஓர் அம்மாள் கிடைத்தார். ஒலிப்பதிவுக்குப் பாம்புக்காது. "அந்த ஆளோட ஆகாதுன்னு சொல்லுவியே" என்று வீட்டுக்காரர் கேட்டதற்கு, "பழகின சண்டைங்க. புது ஆளோட புதுசா சண்டை பிடிக்க எனக்குத் தெம்பில்ல" என்றாள்.

முதல் நாள், முதல் ஷாட். நாடகத்தம்மா பீரோவைத் திறந்து, துணிகளை எடுத்து, ஒரு வரி பேசிவிட்டு, பீரோவை மூட வேண்டும். பேசினார், மூடினார், நின்றார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. யாரும் கட் சொல்லவில்லை. அந்தம்மாள் அனுபவசாலி, சும்மா நிற்கக் கூடாதென்று மறுபடி பீரோவைத் திறந்தார். ஒரு சேலையை உதறி மடித்தார். இன்னொன்றை மடித்தார். கேமராம்மா மானிட்டருக்குப் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு, கட் சொல்கிறவர் ஏன் இன்னும் சொல்லவில்லை என்று காத்திருந்தாள். இருபத்திரண்டு வருஷமாக அது வேறு யாரோ சொல்கிற வார்த்தை. நாலாவது சேலையில் பாம்புக்காது மெதுவாகச் சொன்னார்: "கேமரா, கட் சொல்ல வேண்டியது நீங்க."

தாடி, தன்னைத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்துத் திரும்பிப் பார்த்தான். யூனிட்டே சிரித்தது. கேமராம்மாவும் சிரித்தாள், காது மடல் மட்டும் சிவந்துபோயிருந்தது.

அடுத்த நாட்களில் கட் சொல்லப் பழகிவிட்டாள். வேறொன்று பழகவில்லை. ஷாட்டுகளுக்கு நடுவே எழுந்து போய்த் தாடி வைத்த லைட்டை அரை அடி தள்ளுவாள். அவள் திரும்பியதும் அவன் அதை இருந்த இடத்துக்கே தள்ளுவான். பார்க்கிறவர்களுக்கு அது மாமியார் மருமகள் அடுப்படியில் உப்பு ஜாடியை நகர்த்துகிற மாதிரி இருந்தது.

ஐந்தாம் நாள் சாயங்காலம் எடிட்டர் அதுவரை எடுத்ததைக் கோத்துக் காட்டினார். வெளிச்சம் ஒவ்வொன்றும் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம். பார்த்து முடித்ததும் எடிட்டர் கன்னத்தைச் சொறிந்தார்.

"மேடம், எல்லாத்தையும் காலண்டர்ல போடலாம்."

"அப்படியா?" என்று முகம் மலர்ந்தாள்.

"ஆனா யாரும் யாரோடயும் பேசற மாதிரியே இல்ல."

அன்றைக்கு அவள் வீட்டுக்குப் போய்ச் சாப்பிடவில்லை. உப்புச் சப்பில்லை என்று எடிட்டர் சொன்னது அவளுக்கும் தெரிந்தது, எங்கே குறைகிறது என்பதுதான் தெரியவில்லை. தெரிந்தால் ஒரு லைட்டைத் தள்ளி வைத்துச் சரிசெய்துவிடுவாளே.

ஆறாம் நாள் காலை, வேலை ஆரம்பிக்கும் முன், ஒலிப்பதிவுக் கருவிகள் வைத்திருந்த மூலைக்குப் போய் நின்றாள். பாம்புக்காது ஒயர்களைச் சுருட்டிக்கொண்டிருந்தார்.

"சவுண்டு, உங்களை ஒண்ணு கேக்கணும். நாம எடுத்தது உங்களுக்கு எப்படி இருக்கு?"

அவர் சுருட்டுவதை நிறுத்தினார். இருபது வருஷத்தில் யாரும் அவரிடம் கேட்காத கேள்வி அது. "உண்மையைச் சொல்லவா?"

"சொல்லுங்க."

"முந்தாநாள் அடுப்படி சீன்ல மூணாவது டேக் நல்லா இருந்துச்சு. நீங்க ஏழாவதை ஓகே பண்ணீங்க."

"மூணாவதுல அவங்க முடி நிழல் கண்ணுல விழுந்துச்சு."

"அதைத்தான் சொல்றேன்."

கேமராம்மாவுக்குச் சுருக்கென்றது. வாய்வரைக்கும் வந்தது ஒரு பதில், வழக்கமான டப்பிங் பதில்தான். அதை விழுங்கிக்கொண்டு, "எனக்கு ஏன் சவுண்டு அது கேக்கல?" என்றாள்.

"உங்களுக்கு நல்லாவே கேக்கும். பாத்துக்கிட்டே கேக்கறீங்க, அதான். கொஞ்சம் கண்ணை மூடிக்கங்க."

தன் ஹெட்ஃபோனைக் கழற்றி அவள் காதில் மாட்டினார். ஏழாவது டேக்கை ஓடவிட்டார். கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். நாடகத்தம்மா பேசினார், ஆனால் பேச்சுக்கு நடுவே பாதம் தரையில் உரசியது. நிற்க வேண்டிய இடம் என்று கேமராம்மாவே தரையில் ஒட்டச் சொன்ன குறியைக் காலால் தேடுகிற சத்தம். அந்தம்மாளின் மனசு முழுக்க அந்தக் குறியில்தான் இருந்தது. பிறகு மூன்றாவது டேக். அதில் ஒரு பெண் தன் தங்கையிடம், சாப்பிட்டியா என்று கேட்டாள். அவ்வளவுதான். கேமராம்மா அதை இன்னொரு தடவை ஓடவிடச் சொன்னாள்.

அவள் ஹெட்ஃபோனைக் கழற்றித் திருப்பிக் கொடுத்தாள். "இத்தனை வருஷம் உங்க வேலையை நான் டப்பிங்ல பாத்துக்கலாம்னு சொல்லிட்டேன்."

"அறுநூறு தடவை இருக்கும்" என்றார் அவர், ஒயரைச் சுருட்டிக்கொண்டே. பிறகு பெட்டியைத் திறந்து இன்னொரு ஹெட்ஃபோனை எடுத்து அவளிடம் கொடுத்தார். "இதை வெச்சுக்கங்க. உங்களுக்குன்னு தனியா ஒயர் இழுத்துத் தர்றேன்."

அன்றிலிருந்து கேமராம்மா டேக் ஆரம்பித்ததும் கண்ணை மூடிக்கொள்ள ஆரம்பித்தாள். ஒத்திகையில் பார்க்க வேண்டியதைப் பார்த்துக்கொள்வாள். "ஆக்ஷன்" சொன்னதும் தலையைக் குனிந்து, கண்ணை இறுக்கி மூடி, காதை மட்டும் திறந்து வைப்பாள். லைட்டைத் தள்ளுவதை விட்டாள், அதனால் தாடிக்கு உயிர் வந்தது. யூனிட்டில் ஒரு பேச்சு கிளம்பியது. அது நடந்து போய்த் தயாரிப்பாளர் காதில் விழுந்தபோது கைகால் முளைத்திருந்தது. அவர் போன் பண்ணினார்.

"என்னம்மா, டைரக்டர் மானிட்டர் முன்னால தூங்கறாங்கன்னு சொல்றாங்களே, உடம்புக்கு முடியலியா?"

எட்டாம் நாள் கட்டில் காட்சி. வீட்டின் உள்ளறையில் ஜன்னலுக்கு வெளியே ஒரு பெரிய விளக்கை நிறுத்தி, காலை வெயிலை உண்டாக்கியிருந்தார்கள். வேறெங்கிருந்தும் வெளிச்சம் கசியாமல் கருப்புத் துணி கட்டியாயிற்று. அவள் ஒன்பது வருஷமாகச் சுமந்த அதே வெளிச்சம், கன்னத்தில் அதே இடத்தில் விழுந்தது. தாடியைக் கட்டிக்கொள்ளலாம் போலிருந்தது அவளுக்கு.

முதல் டேக்கில் நாடகத்தம்மா அழுதுவிட்டார். இரண்டாவதிலும் அழுதார். மானிட்டரைப் பார்த்துக்கொண்டிருந்த மேக்கப் பெண்ணும் சேர்ந்து அழுதாள். கண்ணை மூடியிருந்த கேமராம்மாவுக்கு அழுகை நன்றாகக் கேட்டது, அக்காதான் கேட்கவில்லை. பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.

"அழ வேணாம்மா. ஒரு சாமானைப் பத்திச் சொல்றீங்க, அவ்வளவுதான்."

"நானா அழலம்மா" என்றார் அவர், பாவமாக. "வெளிச்சம் மூஞ்சியில அடிக்குது, நாப்பது பேரு என் கண்ணையே பாக்கறாங்க. பாத்தா அது தானா வந்துடுது."

மூன்றாவது டேக். கேமராம்மா கண்ணை மூடினாள். "எனக்கு ஒண்ணும் வேணாம்" என்று ஆரம்பித்தது குரல். பின்னாலேயே எங்கோ டப்பென்று ஒரு சின்னச் சத்தம். ஒரு நொடி இடைவெளி. பிறகு குரல் தொடர்ந்தது, இந்த முறை ஒரு படி இறங்கி, யாருக்கும் காட்டிக்கொள்ளாமல், மளிகைச் சாமான் பெயர் சொல்கிற சாதாரணத்தோடு. "ஆள் இல்லேன்னு கைக்குத் தெரியல" என்று முடிந்தபோது கேமராம்மாவின் உடம்பு சிலிர்த்தது. அந்தம்மாளின் மூச்சு அடங்கும்வரை காத்திருந்தாள்.

"கட். ஓகே" என்றாள். கண்ணைத் திறந்தாள்.

அறை இருட்டாக இருந்தது. வாசல் பக்கத்துத் துணியின் ஓரமாகக் கசிந்து வந்த கொஞ்சூண்டு வெளிச்சத்தில் கட்டிலின் விளிம்பும் ஒரு கையும் மட்டும் தெரிந்தன. ஒருவரும் அசையவில்லை.

"மேடம், பல்பு போயிடுச்சு" என்றான் தாடி. "முதல் வரியிலயே போயிடுச்சு."

"ஏன் நிறுத்தல?"

"நீங்க கட் சொல்லலியே. இருட்டுலயும் ஓடட்டும்னு ஏதோ திட்டம் வெச்சிருக்கீங்கன்னு நெனச்சோம்."

அவள் பாம்புக்காதைப் பார்த்தாள். அவர் ஹெட்ஃபோனை மடியில் வைத்துக்கொண்டு சும்மா இருந்தார். பல்பு வெடித்த சத்தத்துக்குக்கூட "ஒன் மோர்" என்று கையைத் தூக்கவில்லை.

புது பல்பு போட்டு இன்னும் நாலு டேக் எடுத்தார்கள். வெளிச்சம் வந்தது, கூடவே அழுகையும் வந்தது. நாடகத்தம்மாவுக்குக் கண் வீங்கியதுதான் மிச்சம்.

ஒன்பதாம் நாள் எடிட்டிங் அறையில் தாடி கெஞ்சினான். "மேடம், இது எனக்கு முதல் படம். இருட்டைப் போட்டா இவனுக்கு லைட் பண்ணத் தெரியலன்னு சொல்லுவாங்க. தயாரிப்பாளரும் ஒத்துக்க மாட்டார். உங்க படமே கைவிட்டுப் போயிடும்."

அவன் சொன்னதில் தப்பே இல்லை. அவன் இடத்தில் இருந்தால் அவள் இன்னும் சத்தமாகச் சொல்லியிருப்பாள். பாதுகாப்பாக வெளிச்ச டேக்கைக் காட்டிவிட்டு, படம் தன் கையில் இருப்பதை உறுதி செய்துகொண்டு, பின்னால் இருட்டை நுழைக்கலாம் என்றுகூட ஒரு யோசனை ஓடியது. ஆனால் மறுநாள் படம் பார்க்க அக்காவையும் கூப்பிட்டிருந்தாள். அக்கா முன்னால் அழுமூஞ்சியை ஓட்டிக் காட்டிவிட்டு, அப்புறம் மாற்றிக்கொள்வேன் என்று சொல்ல அவளால் முடியாது.

"தாடி, நீ போட்ட லைட் நான் வாழ்நாள்ல போடாத லைட். அதை எல்லார்கிட்டயும் சொல்லுவேன்" என்றாள். எடிட்டரிடம், "இருட்டைப் போடுங்க" என்றாள்.

பத்தாம் நாள் மத்தியானம். சின்னத் திரையிடும் அறை. தயாரிப்பாளர் நடுவில், எடிட்டர் பின்னால், பாம்புக்காது கதவோரம் நின்றுகொண்டே. அக்கா ஆபீஸுக்குக் கட்டுகிற பருத்திப் புடவையில், கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள்.

கட்டில் காட்சி வந்தது. திரை இருண்டதும் தயாரிப்பாளர் பின்னால் திரும்பி, மெஷினில் ஏதாவது கோளாறா என்று பார்த்தார். குரல் வந்தது. திரும்பவும் முன்னால் பார்த்தார். முடிந்து விளக்கைப் போட்டதும் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார்.

"எல்லாம் சரிம்மா. அந்த இடத்துல மூஞ்சி தெரியலியே. வெளிச்சத்தோட ஒண்ணு எடுத்திருக்கீங்கன்னு கேள்விப்பட்டேன், அதைப் போடச் சொல்லுங்க."

போட்டுக் காட்டினார்கள். அவர் கைக்குட்டையை எடுத்துவிட்டார். "இதுதான். இதை வெச்சுட்டு என்னத்துக்கு இருட்டு? இதைப் போடுங்க, படத்தை நீங்களே முடிங்க."

"இதைப் போட்டா நான் இருக்கமாட்டேங்க" என்றாள் கேமராம்மா. சொன்னபிறகுதான் தான் என்ன சொன்னோம் என்பது அவளுக்கே உறைத்தது.

தயாரிப்பாளருக்கு முகம் மாறியது. அவர் வாயைத் திறக்கும்முன் ஓரத்திலிருந்து ஒரு குரல் வந்தது. தபால் ஆபீஸ் கவுண்டரில் முப்பது வருஷம் பேசிப் பழகிய, ஏற்ற இறக்கமில்லாத குரல்.

"ஐயா, நான் ஒண்ணு சொல்லலாமா?"

"நீங்க யாரும்மா?"

"அந்தக் கட்டில் எங்க வீட்டுக் கட்டில்."

அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ரெண்டாவதா போட்டதுல அந்தம்மா ரொம்ப நல்லா அழறாங்க. ஆனா அது நான் இல்ல. அன்னைக்கு என் மூஞ்சியை ஒருத்தரும் பாக்கல. நான் ரூமுக்குள்ள தனியா இருந்தேன். அண்ணன் கூடத்துல நின்னு என்ன வேணும்னு கேட்டாரு, உள்ள இருந்தே பதில் சொன்னேன். இவ வாசல்ல வண்டியில சாமான் ஏத்திக்கிட்டு இருந்தா."

"இல்லக்கா" என்றாள் கேமராம்மா. "நான் பக்கத்துலதான் இருந்தேன். நீ ஜன்னல்கிட்ட நின்னே. வெயில் உன் கன்னத்துல..."

"அந்த ரூமுக்கு ஜன்னல் ஏதுடி?" என்றாள் அக்கா. "காத்து வரலன்னுதானே அப்பாவுக்கு டேபிள் ஃபேன் வாங்கினோம். அது ஓடறதை நிறுத்தினா முழிச்சுக்குவாரே."

கேமராம்மா யோசித்துப் பார்த்தாள். நாலு சுவரும் ஒவ்வொன்றாக வந்தன. ஒன்றில் அலமாரி. ஒன்றில் கதவு. ஒன்றில் அப்பா சாய்ந்து சாய்ந்து பிசுக்கு ஏறிய கறை. ஒன்று வெறும் சுவர். ஜன்னல் இல்லை. இருபத்திரண்டு வருஷம் சோறு போட்ட கண், இருந்த சுவரை உடைத்து, இல்லாத ஜன்னலை வைத்து, அதற்கு வெளியே ஒரு சூரியனையும் நிறுத்தியிருக்கிறது. அவள் பார்த்தது எதுவுமே நடக்கவில்லை. வாசலில், கையில் ஒரு மூட்டையோடு நின்றபடி, அவள் அதைக் கேட்டிருக்கிறாள்.

தயாரிப்பாளர் அக்காவைப் பார்த்தார், திரையைப் பார்த்தார்.

"அந்த இருட்டை இன்னொரு தடவை போடுங்க" என்றார். போட்டார்கள். இந்த முறை அவர் கைக்குட்டையை எடுக்கவில்லை. முடிந்ததும் மோவாயைத் தடவிக்கொண்டார். "சரிம்மா, மேல எடுங்க. உங்க இஷ்டம்போல எடுங்க. அடுத்த சீன்லயாவது கொஞ்சம் லைட் போட்டுக்கங்க."

எழுந்து போனார். எடிட்டர் சிரித்துவிட்டார். கேமராம்மா கதவோரம் நின்றவரிடம் போய்க் கையெடுத்துக் கும்பிட்டாள்.

"சவுண்டு, உங்களுக்கு நான் ரொம்பக் கடமைப்பட்டிருக்கேன். நீங்க கண்ணை மூடச் சொல்லலேன்னா இந்தப் படமே இல்ல."

அவர் சங்கடப்பட்டு நெளிந்தார். "அதெல்லாம் இருக்கட்டும். அந்த டேக்ல பல்பு வெடிச்ச சத்தம் ஒண்ணு இருக்கு, அதை எப்படி எடுக்கறதுன்னுதான் யோசிக்கறேன்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அக்காவும் தங்கையும் வெளியே வந்தார்கள். சாலையில் நல்ல வெயில். அக்கா குடையை விரித்து இருவருக்கும் பிடித்தாள். பேருந்து நிறுத்தத்தில் நின்றதும் கேமராம்மாவால் பொறுக்க முடியவில்லை.

"பிடிச்சுதாக்கா?"

அக்கா பேருந்து வருகிற திசையைப் பார்த்துக்கொண்டே பதில் சொன்னாள்.

"ஒரு வார்த்தை விடாம அப்படியே வெச்சிருக்கியேடி. அண்ணன் அன்னைக்கு சரின்னுகூட சொல்லாம அடுத்த சாமானுக்குப் போயிட்டாரு. நான் சொன்னது யாருக்கும் கேக்கலன்னு இத்தனை வருஷமும் நெனச்சுக்கிட்டு இருந்தேன்."